நியூயார்க்கின் கார்னகி ஹால்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கார்னகி ஹால் எங்கே இருக்கிறது? எவ்வளவு பழசு?

நியூயார்க்கில், மான்ஹாட்டனின் ஏழாவது அவென்யூவும் 57ஆவது தெருவும் சந்திக்கும் முனையில். 1891 மே 5ஆம் தேதி திறந்தார்கள். இன்றைக்கு அது ஊரின் நட்டநடு. சுற்றிலும் அண்ணாந்து பார்க்க வைக்கும் கோபுரங்கள். அன்றைக்கு ஊர் அந்தப் பக்கம் சரியாக வந்தே சேரவில்லை. நிலக்கரிக் கிடங்கும் சாராயக்கடையும் காலி மனையுமாகக் கிடந்த பகுதி.

இதைக் கட்டியவர் யார்?

ஆண்ட்ரூ கார்னகி. ஸ்காட்லாந்தில் நெசவாளிக் குடும்பத்தில் பிறந்து, சிறுவனாக அமெரிக்கா வந்து, எஃகுத் தொழிலில் கோடி கோடியாகச் சம்பாதித்தவர். சங்கீதப் பைத்தியம் அவரைவிட அவர் மனைவி லூயிஸுக்குத்தான் அதிகம். நியூயார்க்கின் ஆரட்டோரியோ சொசைட்டி என்ற சேர்ந்திசைக் குழுவில் அவர் பாடிக்கொண்டிருந்தார்.

1887 ஏப்ரலில் கல்யாணம். தேனிலவுக்கு ஸ்காட்லாந்து போகக் கப்பலேறினார்கள். அதே கப்பலில் வால்டர் டாம்ராஷ் என்ற 25 வயது இளைஞரும் இருந்தார். லூயிஸ் பாடிய குழுவின் இசை நடத்துநர். அந்தக் குழுவையும் நியூயார்க் சிம்ஃபனி சொசைட்டியையும் ஆரம்பித்தவர் வால்டரின் அப்பா லியோபோல்ட். 1885இல் அப்பா கண்ணை மூடியதும் இரண்டு பொறுப்பும் பிள்ளை தலையில் விழுந்தன. இரண்டுக்கும் நிலையான மேடை கிடையாது. கப்பலில் தொடங்கிய பேச்சு ஸ்காட்லாந்திலும் தொடர்ந்தது. புது மாப்பிள்ளையிடம், பக்கத்தில் மனைவி இருக்கும்போது கேட்டால் காரியம் நடக்கும் என்பது டாம்ராஷுக்குத் தெரிந்திருக்க வேண்டும். 1890 மே மாதம் அடிக்கல் நாட்டியது லூயிஸ்தான்.

ஊருக்குத் தர்மமாகக் கட்டிக் கொடுத்தாரா?

இல்லை. பலரும் தப்பாக நினைத்துக்கொண்டிருப்பது இதைத்தான். கார்னகி 2,509 நூலகங்களுக்குப் பணம் கொடுத்தவர். தேவாலயங்களுக்கு ஆயிரக்கணக்கில் ஆர்கன் வாங்க உதவியவர். ஆனால் இந்த அரங்கத்தை அவர் தர்மக் கணக்கில் எழுதவில்லை. மியூசிக் ஹால் கம்பெனி என்று ஒன்றை அமைத்து, அதன் வழியாகத்தான் பணம் போட்டார். செலவு சுமார் 11 லட்சம் டாலர்; பெரும்பகுதி அவருடையது. கட்டி முடித்த பிறகு வாடகை வருமானத்திலேயே அரங்கம் ஓடிவிடும், கையைக் கடிக்காது என்பது அவர் எதிர்பார்ப்பு.

சபா நடத்திய யாரைக் கேட்டிருந்தாலும் சிரித்திருப்பார்கள். ஓடவில்லை, கையைக் கடித்தது. கார்னகி ஹாலுக்குப் பிற்பாடு நேர்ந்த நல்லது கெட்டது பலவற்றுக்கும் வேர் இந்தக் கணக்கில்தான் இருக்கிறது. உச்சியில் ஸ்டுடியோக்கள் முளைத்ததும், அடித்தளம் வாடகைக்குப் போனதும், கடைசியில் கட்டடத்தையே இடிக்கத் துணிந்ததும் பணம் போதாததால்தான்.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். அரங்கம் திறந்த அடுத்த வருஷம், 1892 ஜூலையில், பிட்ஸ்பர்க் பக்கத்து ஹோம்ஸ்டெட்டில் கார்னகியின் எஃகு ஆலைத் தொழிலாளர்களுக்கும் நிர்வாகம் இறக்கிய பிங்கர்ட்டன் கூலிப்படைக்கும் துப்பாக்கிச் சண்டை நடந்து, இரண்டு பக்கமும் உயிர்கள் போயின. சம்பளத் தகராறில் ஆரம்பித்தது அது. முதலாளி அப்போது ஸ்காட்லாந்தில் இருந்தார். அரங்கத்தின் பெருமை பேசும்போது இதை மெதுவாக நழுவ விடுவது வழக்கம். நான் விடுவதாக இல்லை.

அரங்கத்தின் ஒலி பிரமாதம் என்கிறார்களே, என்ன காரணம்?

வடிவமைத்தவர் வில்லியம் டட்ஹில். அவரும் ஆரட்டோரியோ சொசைட்டிக்காரர், செல்லோ வாசிப்பார். இதற்கு முன் கச்சேரி அரங்கம் கட்டிய அனுபவம் கிடையாது. ஐரோப்பிய அரங்கங்களை ஆராய்ந்தார். சிகாகோவில் கைதேர்ந்த கட்டடக் கலைஞராக இருந்த டாங்க்மார் ஆட்லரிடம் யோசனை கேட்டார்.

அந்த நாளில் அரங்க ஒலியியல் ஒரு விஞ்ஞானமாகவே உருவாகவில்லை. ஒரு மண்டபத்தில் ஒலி அடங்க எத்தனை நேரம் பிடிக்கும் என்பதற்கு ஹார்வர்டின் வாலஸ் சபீன் சூத்திரம் கண்டது 1898இல். அதை வைத்துக் கட்டிய பாஸ்டன் சிம்ஃபனி ஹால் திறந்தது 1900இல். அதற்கெல்லாம் முன்னாலேயே டட்ஹில் தன் காதை நம்பி இறங்கிவிட்டார்.

அவர் செய்ததைவிடச் செய்யாமல் விட்டதுதான் முக்கியம் என்று எனக்குப் படுகிறது. அந்தக் காலத்துப் பணக்கார அரங்கம் என்றால் கனத்த பட்டுத் திரைச்சீலை, சுவர் நிறைய ஓவியம், பிரம்மாண்டமான சரவிளக்கு எல்லாம் இருக்க வேண்டும். டட்ஹில் அத்தனையையும் ஒதுக்கினார். துணி ஒலியை விழுங்கும். வழவழப்பான, வளைந்த பூச்சுச் சுவர்கள் அதைத் திருப்பி அனுப்பும். மாடங்களையும் வளைவாகவே அமைத்தார்.

அப்புறம், சுவரின் கனம். எஃகு ராஜாவின் பணத்தில் எழுந்த இந்தக் கட்டடத்துக்கு எஃகுச் சட்டகம் கிடையாது. பழைய முறையில் செங்கல் சுவர்தான் பாரத்தைத் தாங்குகிறது. தளங்களுக்கு குவாஸ்டாவினோ முறை என்னும் ஓட்டு வளைவு. இவ்வளவு தடித்த சுவர், மந்திர ஸ்தாயி நாதத்தை வெளியே கசிய விடாமல் உள்ளேயே திருப்புகிறது, தெரு இரைச்சலையும் தடுக்கிறது. ஆள் நிறைந்த சபையில் ஒலி முழுதாக அடங்க இரண்டு வினாடிக்குச் சற்றுக் குறைவாகப் பிடிக்கும். ஆர்கெஸ்ட்ராவுக்கு அளவெடுத்துத் தைத்த நேரம் அது.

எல்லா இசைக்கும் அது பொருந்துமா?

பொருந்தாது. மைக்கும் டிரம்ஸும் வந்தால் அதே எதிரொலி எதிரியாகிவிடும். அடி மேல் அடி விழுந்து சொற்கட்டு கலங்கும். வேகமான ஸ்வரமோ, மிருதங்கத்தில் துரிதகால நடையோ வந்தாலும் இதே சிக்கல்தான். அந்த வகைக் கச்சேரிகளுக்கு, இதே கட்டடத்தின் அடித்தளத்தில் உள்ள ஜாங்கெல் ஹால் என்ற சிறிய அரங்கம் எவ்வளவோ மேல்.

உள்ளே மொத்தம் எத்தனை அரங்கங்கள்?

மூன்று. பெரியது ஐசக் ஸ்டெர்ன் ஆடிட்டோரியம்: ஐந்து அடுக்கு, 2,804 இருக்கை. 'கார்னகி ஹாலில் வாசித்தார்' என்றால் பொதுவாக இதைத்தான் சொல்வார்கள். சின்னது வைல் ரிசைட்டல் ஹால், 268 இருக்கை. ஏதோ ஒரு போட்டியில் ஜெயித்து 'கார்னகி ஹாலில் பாடிய சிறுமி' என்று செய்தி வந்தால், எந்த அரங்கம் என்று ஒரு தடவை பார்த்துக்கொள்ளுங்கள். இவற்றை வாடகைக்கும் விடுவார்கள். சிறுமியைக் குறைத்துச் சொல்லவில்லை, செய்தியைச் சொல்கிறேன்.

மூன்றாவது, 599 இருக்கையுள்ள ஜாங்கெல். இதன் கதை சுவாரசியமானது. அடித்தளத்தில் இருந்த இந்த அரங்கம்தான் முதலில் திறந்தது. பெரிய விழாவுக்கு ஒரு மாதம் முன்னால், 1891 ஏப்ரல் 1ஆம் தேதி, பியானோ கச்சேரியோடு. பிறகு நாடகப் பள்ளிக்குப் போனது, சினிமா தியேட்டராகப் பல வருஷம் ஓடியது. கடைசியில் பாறையைக் குடைந்து ஆழப்படுத்திப் புது அரங்கமாக 2003இல் திறந்தார்கள். பக்கத்துச் சுவருக்கு அந்தப்புறம் சில அடி தூரத்தில் பாதாள ரயில். அதிர்வைத் தாங்கும் மெத்தைகள் போட்டும் ரயில் போவது லேசாகக் காதில் விழும்.

திறப்பு விழாவுக்கு இசையமைப்பாளர் சைக்கோவ்ஸ்கியே வந்தாரா?

வந்தார். ரஷ்யாவிலிருந்து கடல் கடந்து. ஐந்து நாள் விழா. முதல் நாள் வாசலில் குதிரை வண்டிகள் கால் மைல் நீளத்துக்கு நின்றன. பாமாலை, தேசபக்திப் பாட்டு, அதன்பின் பிஷப் பாட்டர் பேச எழுந்தவர் லேசில் உட்காரவில்லை. விழா மேடையில் பேச்சு நீள்வது நம் ஊருக்கு மட்டும் வாய்த்த வரம் என்று நினைக்க வேண்டாம். பிறகு பீத்தோவனின் லியோனோர் முன்னிசையை டாம்ராஷ் நடத்த, தன்னுடைய அணிவகுப்பு இசையைச் சைக்கோவ்ஸ்கி நடத்தினார். பெர்லியோஸின் 'டெ டியூம்' முடிவாக.

மே 7ஆம் தேதி சைக்கோவ்ஸ்கிக்கு 51 முடிந்தது. அன்றைக்கும் இதே மேடையில் நின்றார். மே 9ஆம் தேதி அவருடைய முதல் பியானோ கான்செர்ட்டோ. அதற்கப்புறம் இரண்டரை வருஷந்தான் இருந்தார்.

முதலிலிருந்தே இந்தப் பெயர்தானா?

இல்லை, வெறும் 'மியூசிக் ஹால்'. லண்டனில் அந்தப் பெயருக்கு மலிவான கேளிக்கைக் கொட்டகை என்று அர்த்தம் இருந்ததால், இரண்டு மூன்று வருஷத்தில் கார்னகி பெயரை வைத்துவிட்டார்கள்.

மேலே வீடுகள் இருந்தன என்கிறார்களே?

ஸ்டுடியோக்கள். வருமானத்துக்காக 1890களிலேயே பழைய கூரையை எடுத்துவிட்டு மேலேயும் பக்கத்திலும் கட்டினார்கள். கிட்டத்தட்ட 170 அறைகள். பாட்டு வாத்தியார்கள், ஓவியர்கள், நடனக்காரர்கள், போட்டோகிராபர்கள் வாடகைக்கு வந்தார்கள். சிலர் அங்கேயே குடியும் இருந்தார்கள். நடனக்காரர் இசடோரா டங்கன், நடிகர் மார்லன் பிராண்டோ, இசை நடத்துநர் லியோனார்ட் பெர்ன்ஸ்டைன் எல்லாரும் ஏதோ ஒரு காலத்தில் இந்தப் படிகளில் ஏறி இறங்கியவர்கள்.

2007 முதல் நிர்வாகம் எல்லாரையும் காலி செய்யச் சொன்னது. வழக்கு, போராட்டம், பத்திரிகைச் செய்தி எல்லாம் நடந்தன. அறுபது வருஷம் அங்கே இருந்த எடிட்டா ஷெர்மன் என்ற போட்டோகிராபர் 2010இல் வெளியேறியபோது வயது 98. அந்த இடத்தில் இசைக் கல்விப் பிரிவு 2014இல் திறந்தது. குழந்தைகளுக்கு இசை சொல்லித் தருவது நல்ல காரியம், மறுக்கவில்லை. ஆனால் நூறு வருஷமாகக் கலைஞர்கள் குடியிருந்த ஒரே கச்சேரி அரங்கத்தைக் கல்வியின் பெயரால் காலி செய்தது எனக்கு ஒப்பவில்லை.

கறுப்பினக் கலைஞர்களுக்கு இடம் கொடுத்தார்களா?

கொடுத்தார்கள், ஆரம்பத்திலிருந்தே. 1892இல் சிசியரெட்டா ஜோன்ஸ் என்ற பாடகி இங்கே பாடினார். 1912 மே 2ஆம் தேதி ஜேம்ஸ் ரீஸ் யூரோப்பின் கிளெஃப் கிளப் நூற்றுக்கும் மேற்பட்ட கறுப்பின வாத்தியக்காரர்களை ஒரே மேடையில் ஏற்றியது. வாஷிங்டனின் கான்ஸ்டிட்யூஷன் ஹால் 1939இல்கூட மரியன் ஆண்டர்சன் என்ற கறுப்பினப் பாடகிக்குக் கதவைச் சாத்தியது. அந்த நாட்டில் அப்போது எது வழக்கமாக இருந்தது என்பது இதிலிருந்தே தெரியும்.

எல்லாரும் சொல்லும் ராத்திரி 1938 ஜனவரி 16. பென்னி குட்மன் தன் ஜாஸ் குழுவோடு வந்தார். வெள்ளையர் குட்மனோடு லயனல் ஹாம்ப்டன், டெடி வில்சன் என்ற கறுப்பினக் கலைஞர்கள் சேர்ந்து வாசித்தார்கள். கவுண்ட் பேஸி, டியூக் எலிங்டன் குழுக்களிலிருந்தும் ஆட்கள் வந்திருந்தார்கள். மேடைக்கு மேலே ஒரே ஒரு மைக் தொங்கியது. அதிலிருந்து கம்பி வழியாக எங்கோ ஒரு ஸ்டுடியோவில் கச்சேரியைத் தட்டுகளில் பதிவு செய்துகொண்டிருந்தார்கள். அந்தத் தட்டுகள் அலமாரிக்குள் பன்னிரண்டு வருஷம் கிடந்து, 1950இல் இசைத்தட்டாக வெளிவந்தபோது விற்பனை பிய்த்துக்கொண்டு போனது.

இடிக்கப் போனது உண்மையா?

உண்மை. தேதிகூடக் குறித்தாகிவிட்டது: 1960 மார்ச் 31.

கார்னகி 1919இல் இறந்தார். 1925இல் லூயிஸ் அரங்கத்தை ராபர்ட் சைமன் என்ற ரியல் எஸ்டேட்காரருக்கு விற்றார். ஐந்து வருஷத்துக்கு அரங்கமாகவே நடத்த வேண்டும், அதற்குள் இதற்கு ஈடான வேறொன்று எழுந்தால் சரி என்பது நிபந்தனை. ஐந்து வருஷம் போயும் யாரும் இடிக்கவில்லை. அடுத்து மகன் சைமன் கைக்கு வந்தது.

அரங்கத்தின் பெரிய வாடகைதாரர் நியூயார்க் ஃபில்ஹார்மோனிக். 1950களின் நடுவில், லிங்கன் சென்டர் என்று புதிதாக எழும் வளாகத்துக்கு மாறிவிடுவதாக அவர்கள் முடிவு செய்தார்கள். வருஷத்தில் நூறு நாளுக்கும் மேல் வாசிக்கும் குழு கிளம்பிவிட்டால் மிச்சம் என்ன வருமானம்? கட்டட முதலீட்டாளர் ஒருவர் 44 மாடிச் சிவப்புக் கோபுரத்துக்குப் படம் போட்டு, அது 1957இல் லைஃப் பத்திரிகையில் வந்தது. பணம் புரளாமல் அவர் பின்வாங்கினார். ஆனால் அரங்கம் போகப்போவது முடிவான மாதிரிதான். புது அரங்கம் வரும்போது பழசு எதற்கு என்று விவரம் தெரிந்தவர்களே பேசினார்கள்.

வயலின் வித்வான் ஐசக் ஸ்டெர்ன் மட்டும் விடவில்லை. மனைவி வேராவின் துணையோடு, கொடையாளர் ஜேக்கப் காப்லனைக் கூட்டு சேர்த்துக்கொண்டு 1960 ஜனவரியில் ஒரு குழு அமைத்தார். உலகத்தின் பெரிய இசைக் கலைஞர்களிடம் கையெழுத்து வாங்கினார், மேயரைப் பார்த்தார், மாநிலச் சட்டமன்றம் வரை போனார். கட்டடத்தை நகராட்சி விலைக்கு வாங்க வழிசெய்யும் சட்டம் நிறைவேறியது. அந்த ஜூன் மாதம் 50 லட்சம் டாலருக்கு நகரம் வாங்கியது. நிதி திரட்டி நடத்த, லாப நோக்கமில்லாத அமைப்பொன்றை ஏற்படுத்தினார்கள். கார்னகி போட்ட பழைய கணக்கு அன்றோடு ஒழிந்தது. ஸ்டெர்ன் 2001இல் இறக்கும் வரை அதன் தலைவராக இருந்தார்.

இதில் கவனிக்க வேண்டியது, அப்போது நியூயார்க்கில் பழைய கட்டடங்களைக் காக்கச் சட்டமே கிடையாது. பென் ஸ்டேஷன் என்ற அற்புதமான ரயில் நிலையத்தை 1963இல் இடித்து, ஊரே வயிறெரிந்த பிறகுதான் 1965இல் சட்டம் வந்தது. கார்னகி ஹால் தப்பித்தது சட்டத்தால் அல்ல, ஒருவர் பிடித்த பிடிவாதத்தால்.

மகன் சைமனைப் பற்றியும் ஒரு வார்த்தை. விற்ற பணத்தைக் கொண்டு வர்ஜீனியாவில் நிலம் வாங்கி ஒரு புது நகரம் அமைத்தார். தன் பெயரின் முதலெழுத்துகளைச் சேர்த்து வைத்த பெயர்: ரெஸ்டன்.

லிங்கன் சென்டர் அரங்கம் என்ன ஆனது?

1962 செப்டம்பரில் திறந்த அன்றே ஒலி சரியில்லை என்று புகார் கிளம்பியது. 1976இல் உள்ளே முழுக்க இடித்துக் கட்டினார்கள். அதுவும் திருப்தியில்லாமல் மறுபடி மாற்றி 2022இல் திறந்தார்கள். வேறென்ன சொல்ல.

கூரையில் ஓட்டை, மேடைக்கடியில் கான்கிரீட் என்றெல்லாம் கேள்விப்பட்டேன்.

இரண்டும் நிஜம். 1946இல் அரங்கத்தின் பெயரிலேயே ஒரு சினிமா எடுத்தார்கள். விளக்குக்கும் காற்றுக்கும் என்று மேடைக்கு மேலிருந்த பூச்சு விதானத்தில் பெரிய ஓட்டை போட்டார்கள். படப்பிடிப்பு முடிந்ததும் அடைக்கவில்லை! கான்வாஸ் துணியாலும் திரையாலும் மறைத்துவிட்டுப் போய்விட்டார்கள். மேடையிலிருந்து மேலே எழும் ஒலியைச் சபைக்குத் திருப்பவேண்டிய இடமே அதுதான். நாற்பது வருஷம் அப்படியே கிடந்தது. ஒலி அபாரம் என்று புகழ்ந்துகொண்டிருந்த காலத்திலும் ஓட்டை அங்கேதான் இருந்தது.

1986இல் ஏழு மாதம் மூடிப் பெரிய மராமத்து செய்து ஓட்டையை அடைத்தார்கள். டிசம்பரில் திறந்தால், பழகிய காதுகள் முகம் சுளித்தன. மேல்ஸ்தாயி கூச்சமாக ஒலிக்கிறது, கீழ்ஸ்தாயியில் கனம் போய்விட்டது என்றார்கள். மேடைக்கடியில் கான்கிரீட் போட்டுவிட்டார்கள் என்று வதந்தி கிளம்பியது. நிர்வாகம் ஒத்துக்கொள்ளவில்லை. 1995இல் மேடைப் பலகை நெளிந்துபோய்ப் பெயர்த்துப் பார்த்தால், கான்கிரீட் இருந்தது. எடுத்துவிட்டு மரத்தைப் பழைய முறையில் போட்டார்கள். எப்போது, யார் போட்டது என்பதில் பிறகும் தகராறு. ஒன்பது வருஷம் ரசிகர்கள் வெறும் காதால் சொல்லிக்கொண்டிருந்தது பொய்யில்லை என்று தெரிந்துவிட்டது.

இங்கே நடந்த கச்சேரிகளில் எது பெரிசு?

ஆளுக்கொன்று சொல்வார்கள். ட்வோர்ஷாக்கின் 'புதிய உலகம்' சிம்ஃபனி 1893 டிசம்பர் 16ஆம் தேதி முதன்முதல் அரங்கேறியது இங்கே. 1943 நவம்பர் 14, ஞாயிறு மதியம், இசை நடத்துநர் புரூனோ வால்டருக்குக் காய்ச்சல் என்று 25 வயது உதவியாளர் லியோனார்ட் பெர்ன்ஸ்டைன் ஒத்திகைகூட இல்லாமல் மேடையேறினார். ரேடியோவில் நாடு முழுக்கக் கேட்டது. மறுநாள் நியூயார்க் டைம்ஸின் முதல் பக்கத்தில் அவர் பெயர். 1964 பிப்ரவரி 12இல் பீட்டில்ஸ் இரண்டு காட்சி பாடினார்கள். இடம் போதாமல் மேடைமேலேயே நாற்காலி போட்டு ஆட்களை உட்கார வைத்தார்கள். மார்கழி சீசனில் பார்த்த காட்சிதான்.

என்னைக் கேட்டால் 1965 மே 9. பியானோ மேதை விளாடிமிர் ஹோரோவிட்ஸ் பன்னிரண்டு வருஷம் பொதுமேடை ஏறாமலிருந்துவிட்டுத் திரும்பிவந்த நாள்.

நம்மவர்கள் யாராவது?

1966இல் ஐ.நா. சபையில் பாடிய எம்.எஸ். சுப்புலட்சுமி, 1977இல் ராதா விஸ்வநாதன் கூடப் பாட, கார்னகி ஹாலில் கச்சேரி செய்தார். ஒலிப்பதிவு இசைத்தட்டாக வந்து பல வீடுகளில் தேய்ந்திருக்கிறது. மேலே எதிரொலியைப் பற்றிச் சொன்னதை மனதில் வைத்துக்கொண்டு கேட்டுப் பாருங்கள். பண்டிட் ரவிசங்கரும் பலமுறை இங்கே வாசித்திருக்கிறார்.

'கார்னகி ஹாலுக்கு எப்படிப் போவது?' ஜோக் யாருடையது?

தெருவில் ஒருவர் வழி கேட்கிறார். பதில்: 'சாதகம் பண்ணு, சாதகம் பண்ணு.' வயலின் வித்வான் ஹைஃபெட்ஸ் சொன்னார், இன்னொரு வயலின் வித்வான் எல்மன் சொன்னார் என்று பலர் தலையில் கட்டுகிறார்கள். நிச்சயமான ஆதாரம் எவருக்கும் கிடையாது.

நேரில் போய்ப் பார்க்கலாமா?

கச்சேரிக்கே டிக்கெட் எடுங்கள், அதுதான் சரியான வழி. 57ஆவது தெரு – ஏழாவது அவென்யூ பாதாள ரயில் நிலையத்தில் இறங்கினால் பக்கத்திலேயே. மலிவான டிக்கெட் உச்சி பால்கனியில். ஒலி அங்கேதான் நன்றாகச் சேருகிறது என்று சத்தியம் செய்யும் ரசிகர்கள் உண்டு. இருக்கை நெருக்கம், சரிவு செங்குத்து. லிஃப்ட் அதற்குக் கீழ்த்தளம் வரைதான். தெருவிலிருந்து கணக்குப் போட்டால் 137 படி. முழங்கால் வலி உள்ள பெரியவர்களைக் கூட்டிப்போனால் கொஞ்சம் கூடக் கொடுத்துக் கீழே எடுத்துவிடுங்கள்.